காலத்தின் நடுவே சுவர் உண்டோ?

பல்லாண்டுகளுக்கு முன் நாம் ஒரு பெண்கள் பள்ளியில் எட்டாம் வகுப்பிற்குப் புவியியல் பாடம் நடத்திக் கொண்டிருந்தோம். அன்றைய பாடம் பன்னாட்டுத் தேதிக் கோடு. மேசைமேல் உலக உருண்டையை வைத்து, பசிபிக் பெருங்கடலின் நடுவே வளைந்து செல்லும் அக்கோட்டை விரலால் தொட்டுக் காட்டினோம். இக்கோட்டிற்கு மேற்கே ஞாயிற்றுக்கிழமை என்றால் கிழக்கே இன்னும் சனிக்கிழமைதான் என்றும், மேற்கு நோக்கிக் கடக்கும் கப்பல் ஒரு நாளைக் கூட்டிக் கொள்ள, கிழக்கு நோக்கிக் கடக்கும் கப்பல் ஒரு நாளைக் கழித்துக் கொள்ளும் என்றும் கரும்பலகையில் எழுதினோம்.

முன் வரிசையில் இருந்த ஒரு மாணவி எழுந்து, "டீச்சர், அங்கே சுவர் ஏதாவது இருக்குமா?" என்று கேட்டாள். வகுப்பு சிரித்தது. சுவரும் இல்லை, கயிறும் இல்லை, வெறும் தண்ணீர்தான். அது மனிதர் மனத்தால் போட்டுக் கொண்ட கோடு என்றோம். அவள் உட்காரவில்லை. "அப்படியென்றால், இந்தப் பக்கம் ஞாயிற்றுக்கிழமை ஒருத்தி தப்பு செய்துவிட்டு அந்தப் பக்கம் போய்விட்டால், அங்கே சனிக்கிழமைதானே டீச்சர்? அவள் தப்பே செய்யவில்லை என்று ஆகிவிடுமா?" என்றாள். இம்முறை நாமும் சேர்ந்து சிரித்தோம். "தேதிதான் மாறும்; செய்தது மாறாது. உட்கார்" என்று கூறிவிட்டு அடுத்த பகுதிக்குச் சென்றோம்.

நாம் சொன்ன விடை சரியானதே. ஆயினும் அதன் பொருள் நமக்கே விளங்கியது மிகப் பிந்தித்தான். அதனை இங்கு நம் வாசகர்களோடு சேர்ந்து சிந்திக்க விழைகின்றோம்.

மனிதர் போட்ட கோடு

1884ஆம் ஆண்டு அமெரிக்காவின் வாஷிங்டன் நகரில் 25 நாடுகளின் பேராளர்கள் கூடி, இங்கிலாந்தின் கிரீனிச் வழியாகச் செல்லும் தீர்க்கக்கோட்டை உலகத்தின் முதற்கோடாக ஏற்றனர். அதற்கு நேர் எதிர்ப்புறத்தில், 180 பாகையை ஒட்டி, நாள் மாறும் கோடு வழக்கிற்கு வந்தது. அது நேரான கோடும் அன்று. அவ்வந்நாட்டின் வசதிக்கேற்ப இங்கே வளைந்தும் அங்கே நெளிந்தும் செல்கின்றது. வடக்கே பெரிங் நீரிணையில் டயோமீட் தீவுகள் என இரண்டு உள்ளன. பெரியது உருசியாவிற்கும் சிறியது அமெரிக்காவிற்கும் உரியவை. இடையே உள்ள கடல் ஏறத்தாழ 4 கிலோமீட்டர்தான். ஒரு தீவில் நின்றால் மற்றதைக் கண்ணாற் காணலாம். எனினும் கோடு நடுவே செல்வதால், நாட்காட்டியில் ஒன்று நேற்றிலும் மற்றொன்று இன்றிலும் இருக்கின்றது.

சமோவா என்னும் தீவு நாடு 1892இல் வாணிகத்தின் பொருட்டு அமெரிக்கப் பக்கத்து நாட்கணக்கை ஏற்றது. பின்னர் ஆஸ்திரேலியா, நியூசிலாந்து நாடுகளோடு கொடுக்கல் வாங்கல் பெருகவே, 2011ஆம் ஆண்டு மீண்டும் இப்பக்கம் வந்தது. அவ்வாண்டு டிசம்பர் 29 வியாழக்கிழமை இரவு உறங்கிய அந்நாட்டு மக்கள், டிசம்பர் 31 சனிக்கிழமையன்று விழித்தனர். 30ஆம் நாள் என்று ஒன்று அவர்களுக்கு இல்லவே இல்லை. ஆயினும் வியாழனன்று கடன் வாங்கியவன் சனியன்று கடன்காரனாகவே எழுந்தான். வியாழனன்று புண்பட்ட கை சனியன்றும் வலித்தது. ஒரு நாளையே அகற்றிய அரசாணையால் ஒரு காசுக் கடனை அகற்ற இயலவில்லை.

நாள், மாதம், ஆண்டு என்பன எல்லாம் இத்தகைய கோடுகளே. இவை நமக்கு வேண்டியவை. இவையின்றி உலக வழக்கு நடவாது. ஆனால் வழக்கிற்காகப் போட்ட கோட்டைப் பொருள்களின் நடுவே எழுந்த சுவர் என்று எண்ணும்போதுதான் மயக்கம் பிறக்கின்றது.

அறநூல்கள் காணும் காலம்

நம் முன்னோர் காலத்தை ஆறு திரவியங்களுள் ஒன்றாக வைத்தனர். உலகாகாயத்தின் ஒவ்வொரு பிரதேசத்திலும் ஒவ்வொரு காலாணு, குவித்த இரத்தினங்கள் போல ஒன்றோடொன்று கலவாமல் நிற்கின்றது என்பது திரவிய சங்கிரகம் கூறும் கருத்து. இது நிச்சய காலம். பொருள்கள் தாமே மாறுகின்றன. அம்மாற்றத்திற்குக் காலம் துணையாக மட்டும் நிற்கின்றது. சுழலும் குயவன் சக்கரத்திற்கு அடியில் உள்ள கல் துணை நிற்பதைப் போன்றது அது. கல் சக்கரத்தைச் சுழற்றுவதில்லை; கல்லின்றிச் சக்கரம் சுழல்வதும் இல்லை.

நொடி, நாழிகை, 48 நிமிடம் கொண்ட முகூர்த்தம், நாள், ஆண்டு என எண்ணப்படுவது வியவகார காலம். அதன் மிகச் சிறிய அலகு சமயம். ஓர் அணு மெல்ல நகர்ந்து அடுத்த பிரதேசத்தை எட்டும் அளவே ஒரு சமயம். நிகழ்காலம் என்று நாம் பெருமையாகச் சொல்லிக் கொள்வது அந்த ஒரு சமயமே. மற்றவை எல்லாம் சென்றவை, அல்லது வர இருப்பவை. காலாணுக்களில் எதுவும் 'நான் நேற்று', 'நான் நாளை' என்று எழுதி ஒட்டிக் கொண்டு நிற்பதில்லை. நேற்று என்பதும் நாளை என்பதும் பொருள்களின் பரியாயங்களை நோக்கி நாம் இட்ட பெயர்கள்.

பொருள்களோ எனில், தோற்றம், அழிவு, நிலைபேறு என்னும் மூன்றும் ஒருங்கே உடையவை என்று தத்துவார்த்த சூத்திரம் கூறுகின்றது. பாட்டியின் காசுமாலையை உருக்கிப் பேத்திக்கு வளையல் செய்கின்றோம். மாலை அழிந்தது, வளையல் தோன்றியது, பொன் நிலைத்தது. மாலைக்கும் வளையலுக்கும் நடுவே சுவர் எங்கே? பரியாயத்தை நோக்கினால் இரண்டும் வேறு. திரவியத்தை நோக்கினால் இரண்டும் ஒன்று. இரண்டு நோக்கும் வேண்டும் என்பதே அநேகாந்தம்.

இவற்றுள் ஒரு நோக்கை மட்டும் பற்றினால் இரண்டு தவறுகள் நேரும். எல்லாம் கணந்தோறும் முற்றிலும் அழிந்து புதிதாகத் தோன்றுகின்றன என்றால், நேற்றுச் செய்தவன் வேறு, இன்று துய்ப்பவன் வேறு என்றாகிவிடும். பிறகு யார் யாருக்குப் பொறுப்பு? நீலகேசி ஆசிரியர் கணபங்க வாதத்தோடு வழக்காடியது இதற்காகவே. மாறாக, உயிர் என்றும் மாறாது ஒரே நிலையில் இருப்பது என்றால், தவறியவன் திருந்துவதற்கு வழியே இராது. முதல் தவறு சென்ற காலத்திற்கும் நமக்கும் இடையே சுவர் எழுப்புகின்றது. இரண்டாவது தவறு நமக்கும் நல்ல நாளைக்கும் இடையே சுவர் எழுப்புகின்றது.

மாவினால் ஆன கோழி

அப்படியாயின் சென்றதும் வருவதும் நமக்குத் தெரியாதிருப்பது ஏன்? தடை காலத்தில் இல்லை. நம் அறிவின்மேல் படிந்த ஞானாவரணீய வினையில் உள்ளது. திரை விளக்கின் மேல் இருக்கின்றதேயன்றிப் பொருளின் மேல் இல்லை. இதனை நன்கு உணர்த்துவது நம் யசோதர காவியம். கதை வாசகர்கள் அறிந்ததே. தீக்கனாக் கண்டதாகக் கூறிய யசோதர மன்னனிடம், தீமை நீங்கத் தேவிக்குப் பலியிடுமாறு தாய் சந்திரமதி வேண்டுகின்றாள். உயிர்க்கொலைக்கு மன்னன் இசையவில்லை. முடிவில் மாவினால் ஒரு கோழி செய்து அதனைப் பலியிட உடன்படுகின்றான்.

உண்மைக்கும் பாவனைக்கும் நடுவே ஒரு சுவர் இருப்பதாக மன்னன் நம்பினான். இது உயிரன்று, மாவுதானே என்று எண்ணினான். ஆனால் வாளை ஓங்கியபோது உள்ளத்தில் எழுந்த கொலை எண்ணம் மாவினால் ஆனதன்று. தாயும் மகனும் நஞ்சினால் மாண்டு, மகன் மயிலாகவும் தாய் நாயாகவும் பிறந்து, தாம் ஆண்ட அதே அரண்மனைக்குள் வந்து சேர்கின்றனர். அவர்களை அங்கு எவரும் அறியவில்லை. பின்னொரு பிறவியில் மன்னன் மீனாகின்றான். அவன் மகன் யசோமதி, தந்தை நற்கதி பெற வேண்டும் என்று திதி கொடுத்து, அம்மீனையே சமைத்து விருந்திடுகின்றான். எந்தத் தந்தைக்காக விருந்தோ, அந்தத் தந்தையே இலையில் உணவாகக் கிடக்கின்றான்.

பேரன்புடைய மகன் அவன். அவனிடம் குறையாக இருந்தது அன்பு அன்று, அறிவே. பிறவி என்னும் கோட்டிற்கு அப்பால் சென்றவர் இங்கில்லை என்று அவன் எண்ணினான். இறுதியில் அபயருசி, அபயமதி என்னும் இளந்துறவியர், முற்பிறப்புகளை எல்லாம் உணர்ந்தவராய்ப் பலிபீடத்தின் முன் நின்று அவ்வரலாற்றைச் சொல்லும்போது, கேட்ட மாரிதத்த மன்னனின் கைவாள் தாழ்கின்றது. திரை விலகியவுடன் கொலை நின்றது.

நாம் எழுப்பும் சுவர்கள்

ஞானாவரணீயம் இட்ட திரையையேனும் வினைப்பயன் என்று சொல்லலாம். நாமாகவே விரும்பி எழுப்பிக் கொள்ளும் சுவர்கள் வேறு உண்டு. "அது அந்தக் காலம்" என்பது ஒன்று. மருமகளாக வந்தவளை வருந்த வைத்த மாமியார், முதுமையில் அதனைப் பற்றிப் பேச்செடுத்தால், "அப்போதெல்லாம் அப்படித்தான்" என்கின்றார். உடன்பிறந்தாளுக்குச் சேர வேண்டிய நிலத்தை எழுதி வாங்கிக் கொண்டவர், "முடிந்து போனதைக் கிளறுவானேன்" என்கின்றார். பாதிக்கப்பட்டவர் இதைச் சொன்னால் அது பெருந்தன்மை. பாதித்தவரே சொன்னால் அது சுவர்.

மற்றொன்று நம் சமூகத்தில் அடிக்கடி கேட்பது. "இது பஞ்சம காலம், நம்மால் என்ன செய்ய முடியும்?" மகாவீர பகவான் முத்தியடைந்து 3 ஆண்டு 8 மாதம் 15 நாள் சென்றபின் தொடங்கிய துஷமா காலம் 21,000 ஆண்டுகள் நீடிக்கும் என்பது நூல் வழக்கு. நற்காலம் எல்லாம் அப்பால், நாம் இப்பால் என்று எண்ணி அமைதி கொள்கின்றோம். இக்காலத்தில் இந்நிலத்திலிருந்து முத்தி இல்லை என்றுதான் நூல்கள் கூறின. உண்மை பேசுதல் இல்லை என்றோ, பிறர் பொருளைத் திருப்பித் தருதல் இல்லை என்றோ அவை கூறவில்லை.

பிறரைச் சொல்வானேன்? நம்மையே சொல்லிக் கொள்கின்றோம்.

சுவரைப் பற்றிக் கேட்ட அதே மாணவி. தேதிக் கோட்டுப் பாடம் நடந்து சில மாதங்களுக்குப் பின், வகுப்பில் திரட்டிய கொடிநாள் பணத்தில் 12 ரூபாய் குறைந்தது. இடைவேளையில் வகுப்பறையில் தனித்திருந்தவள் அவளே. நாம் அவளைக் கேட்டோம். இல்லை என்றாள். திரும்பத் திரும்பக் கேட்டோம். அழுதாளேயன்றி ஒப்பவில்லை. அன்று முழுதும் அவளை வகுப்பிற்கு வெளியே நிற்க வைத்தோம். மறுநாள் தந்தையை வரவழைத்தோம். அவர் கூலி நெசவாளர். மகளை ஒருமுறை பார்த்தார். எங்களை ஒன்றும் கேட்கவில்லை. மடியிலிருந்து 12 ரூபாயை எண்ணி மேசைமேல் வைத்துவிட்டுச் சென்றார்.

மூன்று வாரங்களுக்குப் பின், வருகைப் பதிவேட்டிற்குப் போட்டிருந்த பழுப்புத்தாள் உறை கிழிந்தது. உறைக்கும் அட்டைக்கும் நடுவே அந்த 12 ரூபாய் மடித்தபடி இருந்தது. வைத்தது நம் கையே. எவருக்கும் தெரியாமல் வைத்து மறந்த கை, எவருக்கும் தெரியாமல் எடுத்துக் கொண்டது. தலைமையாசிரியையிடம் சொல்ல நாணினோம். மாணவியிடம் சொன்னால் வகுப்பில் மதிப்புக் குறையும் என்று அஞ்சினோம். அப்பணத்தை ஏழை மாணவியர் நிதிக்குக் கொடுத்து, 'எப்படியும் தருமத்திற்குத்தான் சென்றது, முடிந்தது' என்று எண்ணிக் கொண்டோம். அவ்வாண்டு இறுதியில் அக்குடும்பம் வேற்றூருக்குச் சென்றுவிட்டது.

கள்ளாமை என்னும் அணுவிரதம் ஏற்ற குடும்பத்தில் பிறந்தவர் நாம். ஒரு நெசவாளியின் 12 ரூபாயை வைத்துக் கொண்டு தருமம் செய்தோம். அந்த வகுப்பறையில் களவு ஒன்று நடந்தது உண்மை. செய்தவர் யார் என்பதுதான் தவறாகக் கூறப்பட்டது.

மூன்று வாயில்கள்

இங்கு ஒரு தடை எழலாம். சென்றதையே நினைந்து வருந்துவதும் வினையன்றோ? ஆம். நடந்ததை எண்ணி எண்ணி உருகுதல் ஆர்த்த தியானம்; அதனால் பாதிக்கப்பட்டவருக்கும் பயனில்லை, நமக்கும் நன்மையில்லை. ஆனால் நம் அறநெறி நினைந்து உருகச் சொல்லவில்லை. சென்று திருத்தச் சொல்கின்றது. சென்ற காலத்துப் பிழையினின்று மீளுதல் பிரதிக்கிரமணம். நிகழ்காலத்துப் பிழையை உணர்ந்து வெளிப்படுத்துதல் ஆலோசனை. வருங்காலத்துப் பிழையை இன்றே துறத்தல் பிரத்தியாக்கியானம். பொன்னூர் மலையோடு நம் மரபு போற்றும் குந்தகுந்தாசாரியர், சமயசாரத்தில் இம்மூன்றையும் மூன்று காலங்களோடு பொருத்திக் காட்டினார். சுவர் என்று நாம் எண்ணியதில் மூன்று வாயில்கள் உள்ளன.

வினை நூலும் இதனையே துணிகின்றது. கட்டிய வினைக்கு ஸ்திதி உண்டு. உடனே பயன் தராமல் அடங்கிக் கிடக்கும் அபாதா காலமும் உண்டு. ஓசையின்றிக் கிடப்பதால் அது இல்லை என்று ஆகாது. அதே வேளையில், கட்டிய வினையின் ஸ்திதியும் வலிமையும் குறைதலாகிய அபகர்ஷணமும் கூறப்பட்டுள்ளது. இன்றைய பரிணாமம் நேற்றுக் கட்டிய வினையைத் தொடுகின்றது. நேற்று மூடப்பட்ட அறையாக இருந்திருந்தால் இது எவ்வாறு கூடும்?

ஆயினும் பிரதிக்கிரமணத்தை நாம் எளிதாக்கிக் கொண்டோம். எல்லா உயிர்களும் எம்மைப் பொறுத்தருள்க என்று கூறுவது எவ்வளவு இனிது! எண்ணற்ற உயிர்களிடம் ஒருங்கே மன்னிப்புக் கேட்டுவிட்டு, பெயரும் முகமும் தெரிந்த ஓர் உயிரிடம் மட்டும் கேளாமல் எழுந்து விடுகின்றோம். நாம் பல்லாண்டு அவ்வாறே எழுந்தோம்.

மூன்று ஆண்டுகளுக்கு முன், நம் பழைய மாணவியர் சிலர் கைப்பேசியில் குழு ஒன்று அமைத்து நம்மையும் சேர்த்தனர். அவர்கள் வழியே அவளுடைய முகவரி கிடைத்தது. இப்போது பேரன் பேத்தி எடுத்த அம்மையார் அவர். கடிதம் எழுத அமர்ந்து இரண்டு நாள் ஒரு வரியும் எழுதவில்லை. "நானும் இளையவள், அக்காலத்தில் பள்ளிகளில் கண்டிப்பு மிகுதி" என்று தொடங்கத்தான் கை வந்தது. அதுவும் சுவர் என்று உணர்ந்து தாளைக் கிழித்தோம். பின்னர், பணம் எங்கே இருந்தது, எப்போது கண்டோம், யாரிடமும் சொல்லாமல் என்ன செய்தோம் என்னும் மூன்றை மட்டும் எழுதி, பொறுத்தருளுமாறு வேண்டி அனுப்பினோம்.

இருபது நாள் கழித்து விடை வந்தது. சிறிய கடிதம். நலம் கேட்டிருந்தார். பிறகு எழுதியிருந்தார்: "நான் எடுக்கவில்லை என்பது எனக்கு எப்போதும் தெரியும் டீச்சர். அதனால் எனக்கு ஒன்றும் பாரமில்லை. அப்பாவுக்குத்தான் தெரியாமல் போயிற்று. அவர் காலமாகி ஒன்பது வருடம் ஆகிறது."

அவர் நம்மை மன்னித்ததாகவும் எழுதவில்லை, மன்னிக்கவில்லை என்றும் எழுதவில்லை. அதைக் கேட்டு மறுபடி எழுதும் தகுதி நமக்கு இல்லை. பத்தாண்டு முன்னர் எழுதியிருந்தால் ஒரு முதியவர் தம் மகளைப் பற்றிய உண்மையை அறிந்து கண்மூடியிருப்பார். அக்கடிதத்திற்கு ஆகும் அஞ்சல் தலை அன்றும் நம் கைப்பெட்டியில் இருந்தது.

கோட்டில் சுவர் இருக்குமா என்று அச்சிறுமி கேட்டாள். இல்லை என்றோம், இப்போதும் அதுவே நம் விடை. காலத்தில் சுவர் இல்லை. செய்த வினை நம்மோடு கோட்டைக் கடந்து வருகின்றது. திருத்தும் முயற்சியும் கோட்டைக் கடந்து செல்லும். ஆனால் நம்மோடு வாழ்பவர்கள் ஒவ்வொருவராகத் தத்தம் பரியாயத்தை மாற்றிக் கொண்டு செல்கின்றனர். அவர்கள் எங்கோ இருக்கின்றனர் என்பதில் நமக்கு ஐயமில்லை. எங்கே, எவ்வடிவில் என்பதை அறியும் கண் நமக்கு இல்லை.

இவ்விதழைப் படிக்கும் ஒவ்வொருவருக்கும் இத்தகைய ஒரு பெயர் நினைவிற்கு வரக்கூடும். அப்பெயருக்கு உரியவர் இன்னும் அதே பெயரோடு இருக்கின்றாரா என்று பாருங்கள். இருந்தால், அடுத்த தசலட்சணப் பருவம் வரை காத்திராமல், இன்றே ஒரு கடிதம் எழுதுங்கள்.

அறம் வளர்க! எவ்வுயிரும் நலம் பெறுக!